நெல் உற்பத்தியாளர் யார்?

ஒகாவாவின் படங்களை முன்வைத்துச் சில கேள்விகள்

விவசாயத்தைப் பற்றி ஆவணப்படம் எடுக்க நம்ம ஊரில் ஒரு செய்முறை இருக்கிறது. விடியற்காலை. பனி. வரப்பில் ஒரு பெரியவர் முண்டாசு கட்டிக்கொண்டு நடந்து வருவார். பின்னால் புல்லாங்குழல். அவர் நின்று, ஒரு பிடி மண்ணை அள்ளி, 'இந்த மண்ணு எங்க பாட்டன் காலத்துலேர்ந்து எங்களுக்குச் சோறு போடுது' என்பார். அப்புறம் நடவுக் காட்சி. இருபது பெண்கள் வரிசையாகக் குனிந்திருப்பார்கள். கேமரா அவர்கள் முதுகைக் காட்டும். காலைக் காட்டும். சேற்றில் இறங்கி ஏறும் விரல்களைக் காட்டும். குலவை கேட்கும். ஒருத்தியும் பேசமாட்டாள். கடைசியில் 'உழவன் கணக்குப் பார்த்தால்...' என்ற தினுசில் ஒரு வாசகம் திரையில் வரும். அரங்கத்தில் கைதட்டல்.

கைதட்டுவதற்கு முன்னால் ஒரு கேள்வி. அந்த முண்டாசுக்காரர் விவசாயி என்றால், அந்த இருபது பெண்களும் யார்?

இந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டுதான் ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் ஒகாவா ஷின்சுகேயின் படங்களை நாம் பார்க்க வேண்டும். 'ஜப்பான்காரன் படம் சேரிக்கு எதுக்குய்யா' என்று யாராவது கேட்பார்கள். நெல்லுக்காகத்தான். நெல்லுக்கு அவ்வளவு கிட்டப்போய், அவ்வளவு காலம் காத்திருந்து படம் பிடித்தவர்கள் உலகத்தில் மிகச் சிலரே. நெல்லோடு பிறந்து, நெல்லோடு செத்து, நெல்லுக்குச் சொந்தக்காரராக மட்டும் ஆகாத சனம் நாம். நமக்கு இந்தப் படங்களிடம் கற்றுக்கொள்ளவும் இருக்கிறது, சண்டைபோடவும் இருக்கிறது.

முதலில் கற்றுக்கொள்ள வேண்டியது.

1966இல் ஜப்பான் அரசு டோக்கியோவுக்கு இன்னொரு விமான நிலையம் கட்ட நரிதா பக்கத்தில் சன்ரிசுகா என்ற பகுதியைத் தேர்ந்தெடுத்தது. நிலத்தில் இருந்தவர்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவர்களில் பலர் போர் முடிந்த பிறகு அங்கே வந்து குடியேறி, கட்டை பிடுங்கி, காட்டை வயலாக்கியவர்கள். 'நாட்டின் வளர்ச்சிக்காக நகர்ந்துகொள்ளுங்கள்' என்றது அரசு. நகரமாட்டோம் என்றார்கள். மாணவர்கள் வந்து சேர்ந்துகொண்டார்கள். 1968இல் ஒகாவா தன் குழுவோடு கேமராவைத் தூக்கிக்கொண்டு அங்கே போனார். ஒரு படம் எடுத்ததும் மூட்டை கட்டவில்லை. அங்கேயே தங்கினார்கள். 1977 வரை சன்ரிசுகா பற்றி ஏழு படங்கள் வந்தன.

அந்தக் குழு ஒரு முடிவெடுத்திருந்தது. கேமரா விவசாயிகள் நிற்கும் பக்கத்தில்தான் நிற்கும். அதனால் படம் பார்க்கிறவன் மேலேயே போலீசின் கேடயமும் தடியும் வந்து விழுகின்றன. போலீசுக்குப் பின்னால் பத்திரமாக நின்று எடுத்த படத்தில் அதே விவசாயி கல்லெறிகிற கலகக்காரன். இந்தப் படத்தில் அவன் தன் வீட்டு வாசலில் நிற்கிறவன். நாளும் ஒன்றுதான், இடமும் ஒன்றுதான். கேமரா நின்ற இடம்தான் வேறு. 'இரு பிரிவினரிடையே மோதல்' என்று நம் ஊர்ப் பத்திரிகைகள் எழுதும்போது அந்த நிருபர் எந்தத் தெருவில் காபி குடித்துவிட்டு எழுதினார் என்பது நமக்குத் தெரியும். நடுநிலை என்பதற்கும் ஒரு முகவரி உண்டு. அது பெரும்பாலும் ஊர்த்தெரு முகவரிதான்.

'இரண்டாவது கோட்டையின் விவசாயிகள்' 1971இல் வந்த படம். தாய்மார்கள் சங்கிலி போட்டு மரத்தோடு தங்களைக் கட்டிக்கொள்கிறார்கள். நிலத்துக்கு அடியில் சுரங்கம் தோண்டி அதற்குள் இருக்கிறார்கள். ஒரு விவசாயி கேமராவை உள்ளே கூட்டிப்போய், காற்று எந்த வழியாக வருகிறது என்று நிதானமாக விளக்குகிறார், தன் வீட்டுக் கிணற்றைக் காட்டுகிற மாதிரி. 1973இல் வந்த 'ஹெத்தா கிராமம்' படத்தில் சண்டைக் காட்சி முக்கியமே இல்லை. இளைஞர்களைப் போலீசு பிடித்துக்கொண்டு போன பிறகு ஊர் தனக்குள் என்ன பேசிக்கொண்டது என்பதுதான் படம். கிழவர்களும் கிழவிகளும் பேசுகிறார்கள். அவர்கள் இழுத்து இழுத்துப் பேசி முடிக்கும்வரை கேமரா பொறுமையாக உட்கார்ந்திருக்கிறது. விமான நிலையம் 1978இல் திறக்கப்பட்டுவிட்டது. அது தோல்விதான், ஒளிக்க வேண்டாம். ஆனால் தோற்றவர்களின் பேச்சு அவர்கள் பேசிய நீளத்திலேயே மிஞ்சியிருக்கிறது. நம்முடைய எந்தத் தோல்வி அப்படி மிஞ்சியிருக்கிறது?

1970களின் நடுவில் குழு வடகிழக்கே யமகதா மாவட்டத்து மகினோ கிராமத்துக்குக் குடிபெயர்ந்தது. அழைத்தவர் கிமுரா மிச்சியோ, விவசாயி, கவிஞர். பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் அங்கே இருந்தார்கள். வயல் எடுத்து நெல் பயிரிட்டார்கள். குழுவின் பெண்கள் பட்டுப்புழு வளர்த்தார்கள். 1977இல் அது ஒரு படமானது. மண்ணின் சூடு, தண்ணீரின் சூடு, வேரின் நீளம் எல்லாவற்றையும் நோட்டுப்போட்டு எழுதினார்கள். கேமராவை வெளியே எடுப்பதற்கு முன்னால் கையில் காய்ப்பு வந்துவிட்டது.

1982இல் வந்தது 'ஃபுருயாஷிகி கிராமம்'. மூன்றரை மணி நேரம் ஓடும். எட்டே வீடுகள் கொண்ட மலையூர். 1980இல் குளிர் தாக்கி நெல் சாவியாகிப் போனது. ஏன் போனது? இரங்கற்பா பாடவில்லை ஒகாவா. அந்தப் பள்ளத்தாக்கைச் சின்னதாக மாதிரி செய்து, குளிர்காற்று எந்த வழியாக இறங்கியது, எந்த வயலில் தேங்கியது, எந்த வயலைத் தாண்டிப் போனது என்று புகை விட்டுக் காட்டுகிறார். அந்தப் பகுதி பாட வகுப்பு மாதிரி இருக்கும். அப்புறம் கிழவர்கள் பேச ஆரம்பிக்கிறார்கள். கரி சுட்ட கதை, பட்டாளத்துக்குப் போன கதை. சாவி நெல்லில் ஆரம்பித்த படம் பேரரசு நடத்திய போரில் போய் முட்டுகிறது. 1984இல் பெர்லின் விழாவில் விமர்சகர்களின் பரிசு இதற்குக் கிடைத்தது.

அடுத்தது 'ஆயிரம் ஆண்டுகள் செதுக்கிய சூரியக் கடிகாரம்'. மகினோ கிராமத்தின் கதை. 1980களின் பிற்பாதியில் திரைக்கு வந்தது. இன்னும் நீளம், 222 நிமிடம். இதில் நெல் பூக்கிறது. நெற்பூ முற்பகலில் கொஞ்ச நேரம்தான் திறந்திருக்கும். அந்தக் கொஞ்ச நேரத்தைக் கேமரா அருகில் போய்ப் பெரிதாக்கிக் காட்டுகிறது. பூப் பிடிக்கிற நேரத்தில் மழை அடித்தால் சாவி விழும் என்பது நம் அம்மாக்களுக்கும் தெரியும். ஆனால் 'எப்படித் தெரியும்?' என்று அவர்களிடம் எந்தக் கேமராவும் இதுவரை கேட்டதில்லை. பாட்டுத்தான் பாடச் சொல்லியிருக்கிறது.

இதுதான் ஒகாவாவிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது. உழைக்கிறவர்களுக்கு உடல் மட்டும் இல்லை, அறிவும் இருக்கிறது. முதுகை மட்டும் காட்டுகிற கேமரா, நம்மைக் காலங்காலமாக உடலாக மட்டுமே பார்த்த அதே கண்தான். அதற்கு மின்கலம் மாட்டியிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

இதுவரை வணக்கம். இனிமேல் சண்டை.

ஒகாவாவின் கிராமம் ஒரே கிராமம். அதிகாரம் எப்போதும் வெளியிலிருந்துதான் வருகிறது. அரசு, போலீசு, பேரரசு, பிரபு. உள்ளே இருப்பவர்கள் 'விவசாயிகள்'. உள்ளுக்குள்ளே ஒரு கோடு ஓடுகிறதா என்ற கேள்வி படங்களின் மையத்துக்கு வரவே இல்லை.

'ஹெத்தா கிராமம்' என்று நாம் சொல்லும் படத்தின் ஜப்பானியப் பெயரில் 'புராக்கு' என்றுதான் இருக்கிறது. புராக்கு என்றால் சிற்றூர், குடியிருப்பு. சாதாரணச் சொல். அதே சொல்தான் மேற்கு ஜப்பானில் தீண்டத்தகாதவர் குடியிருப்புக்கும் பெயராகிவிட்டது. புராக்குமின் என்றால் அந்தக் குடியிருப்பின் மனிதர். செத்த மாடு, தோல், கசாப்பு, பிணம் என்று 'தீட்டு' வேலைகள் தலையில் கட்டப்பட்டவர்கள். 1871இல் அரசு ஆணை போட்டு அவர்களுடைய இழிபெயரை ஒழித்தது. 1922இல் அவர்களே கியோட்டோவில் கூடிச் 'சுய்ஹெய்ஷா' என்ற சமத்துவச் சங்கத்தைத் தொடங்கினார்கள். ஒரே சொல். ஒருத்தருக்கு அது ஊர். இன்னொருத்தருக்குச் சேரி.

சூரியக் கடிகாரம் படத்தில் 18ஆம் நூற்றாண்டில் அந்தப் பக்கத்தில் நடந்த உழவர் கலகம் ஒன்று வருகிறது. வரி தாங்காமல் எழுந்தவர்கள், தலை வெட்டப்பட்டவர்கள். கிராமத்து மக்களே வேடம் கட்டி நடிக்கிறார்கள். நல்ல காட்சி. உழவர் கலகம் என்றால் நமக்கும் உடம்பு சிலிர்க்கத்தான் செய்கிறது. ஆனால் ஜப்பானின் உழவர் கலக வரலாற்றில் 1873ஆம் வருஷமும் இருக்கிறது. மிமசாகா என்ற இடம். கட்டாய ராணுவம் வேண்டாம், கட்டாயப் பள்ளிக்கூடம் வேண்டாம் என்று எழுந்த உழவர்கள் அதோடு நிற்கவில்லை. விடுதலை ஆணையையும் எதிர்த்தார்கள். புராக்குக் குடியிருப்புகளுக்குள் புகுந்தார்கள். நூற்றுக்கணக்கான வீடுகளைக் கொளுத்தினார்கள். ஆட்களைக் கொன்றார்கள். என்ன குற்றம்? ஆணை வந்ததிலிருந்து அவர்கள் பழையபடி பணிந்து நடக்கவில்லையாம், மரியாதை இல்லையாம்.

எங்கேயோ கேட்ட மாதிரி இல்லை? 'முன்ன மாதிரி இல்லீங்க, இப்பல்லாம் செருப்புப் போட்டுக்கிட்டுத் தெருவுல வர்றானுங்க.'

ஆக உழவனுக்கு இரண்டு முகம். அரசைப் பார்க்கும்போது ஒரு முகம். சேரியைப் பார்க்கும்போது வேறொரு முகம். முதல் முகத்தை மட்டும் படம் எடுக்கிறவர் பொய் சொல்லவில்லை. பாதி சொல்கிறார்.

ஒகாவாவுக்கு நியாயமாக இருக்க வேண்டும். புராக்குக் குடியிருப்புகள் மேற்கு ஜப்பானில்தான் அதிகம். யமகதா இருக்கிற வடகிழக்கில் குறைவு. கூலிக்காரர்களையே அவர் பார்க்காதவரும் இல்லை. யோகஹாமா நகரத்துக் கொதொபுகியில் அன்றாடங்காய்ச்சிகளோடு இருந்து அவருடைய குழு எடுத்த படம் 1975இல் வந்தது. இன்னொரு காரணமும் உண்டு. அதுதான் நமக்கு முக்கியம். ஜப்பானில் 1946இல் தொடங்கிய நிலச் சீர்திருத்தம் ஏட்டோடு நிற்கவில்லை. ஊரில் இல்லாத நிலக்கிழாருக்குக் குத்தகை நிலம் கிடையாது, ஊரில் இருப்பவருக்கும் பெரும்பாலான இடங்களில் ஒரு ஹெக்டேருக்கு மேல் கிடையாது என்று அரசே வாங்கி, உழுதவனுக்கு விற்றது. பாதிக்குக் கொஞ்சம் குறைவாக இருந்த குத்தகை நிலம் சில வருஷங்களில் பத்தில் ஒரு பங்காகச் சுருங்கியது. அதனால் மகினோவில் வரப்பில் நிற்கிறவரும் சேற்றில் குனிகிறவளும் பெரும்பாலும் ஒரே வீட்டுக்காரர்கள். 'கிராமம்' என்று ஒருமையில் சொல்ல அங்கே ஓரளவு அடிப்படை இருந்தது.

தஞ்சாவூரில் என்ன அடிப்படை இருக்கிறது? இங்கே நில உச்சவரம்புச் சட்டம் 1961இல் வந்தது. 30 தர ஏக்கர் என்று இருந்ததை 1970இல் 15 ஆக்கினார்கள். நிலம் கோவில் பெயருக்கும் அறக்கட்டளை பெயருக்கும் மாமன் மச்சான் பெயருக்கும் போனது. சேரிக்கு வரவில்லை. அதனால் ஒகாவாவின் சட்டகத்தை அப்படியே கொண்டுவந்து காவிரிக் கரையில் வைத்தால், அங்கே ஓரளவு உண்மையாக இருந்தது இங்கே முழுப் பொய்யாகிவிடும்.

சந்தேகம் இருப்பவர்கள் 1968ஐப் பாருங்கள். ஒகாவா சன்ரிசுகாவுக்குப் போன அதே வருஷம். டிசம்பர் 25, கீழவெண்மணி. அரைப்படி நெல் கூடுதலாகக் கூலி கேட்ட சேரி. செங்கொடி ஏற்றிய சேரி. ராமய்யாவின் குடிசைக்குள் ஒதுங்கிய பெண்கள், குழந்தைகள், முதியவர்கள் 44 பேரை உயிரோடு எரித்தார்கள். எரித்தவர்கள் பக்கத்தில் நின்ற சங்கத்தின் பெயர் என்ன? 'நெல் உற்பத்தியாளர் சங்கம்'.

இந்தப் பெயரை இன்னொரு தடவை நிறுத்திப் படியுங்கள். நாற்றுப் பறித்தவள் கூலி. நட்டவள் கூலி. களை எடுத்தவள் கூலி. அறுத்தவன், கட்டு சுமந்தவன், களத்தில் அடித்தவன், தூற்றியவள் எல்லாரும் கூலி. வரப்பில் குடை பிடித்து நின்றவர் உற்பத்தியாளர். 1973இல் உயர்நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. நிலபுலன் உள்ள பெரிய மனிதர்கள், கார் வைத்திருப்பவர்கள், தாங்களே நடந்து வந்து தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லையாம். நெல்லை உற்பத்தி செய்ய மட்டும் இவர்கள் சேற்றில் இறங்கியதாக நாடு நம்பியது. குடிசையைக் கொளுத்த இறங்கினார்கள் என்றால் நம்பக்கூடாது.

அன்றைக்கு அங்கே கேமரா இல்லை. 37 வருஷம் கழித்து, 2005இல், பாரதி கிருஷ்ணகுமாரின் 'ராமய்யாவின் குடிசை' வந்தது. மிஞ்சியவர்கள் வயதாகி, நரைத்து, திரையில் வந்து பேசினார்கள். அந்தப் படம் வராமல் போயிருந்தால் அந்தக் குரல்களும் போயிருக்கும். வர்க்கமா சாதியா என்று இங்கே பல வருஷம் வாய்ச்சண்டை நடந்தது. எரிந்த 44 பேரும் சேரிக்காரர்கள் என்பதில் மட்டும் யாருக்கும் கருத்து வேறுபாடு இல்லை.

'அதெல்லாம் பழைய கதை தோழர், இப்ப ஏது பண்ணை, ஏது பண்ணையாள்' என்பவர்களுக்குக் கொஞ்சம் கணக்கு. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இந்தியாவில் சாகுபடியாளர்கள் 11.88 கோடி, விவசாயக் கூலிகள் 14.43 கோடி. தமிழ்நாட்டில் சாகுபடியாளர்கள் சுமார் 42 லட்சம், கூலிகள் சுமார் 96 லட்சம். ஒரு 'விவசாயி'க்கு இரண்டு பேருக்கு மேல் கூலி. விவசாய ஆவணப்படங்களில் பேசுகிறவர்களை எண்ணிப் பாருங்கள். கணக்குத் தலைகீழாக இருக்கும்.

நான் வங்கியில் எழுத்தர். விவசாயி என்ற சொல்லுக்கு எங்கள் மேசையில் என்ன பொருள் என்று சொல்கிறேன். சிட்டாவும் அடங்கலும் கொண்டுவருகிறவர் விவசாயி. வயலில் கால் வைத்து இருபது வருஷம் ஆனவராக இருந்தாலும் சரி, மகன் அமெரிக்காவில் இருந்தாலும் சரி. பயிர்க்கடன் அவருக்கு. வட்டிச் சலுகை அவருக்கு. தள்ளுபடி என்று வந்தால் அதுவும் அவருக்குத்தான் வரும், ஏனென்றால் கடன் இருப்பவருக்குத்தானே தள்ளுபடி. 2008இல் மத்திய அரசு பெரிய தள்ளுபடி செய்தபோதும் அப்படித்தான். அவர் வயலில் நட்டவள் அடுத்த வரிசையில் நிற்பாள். காதில் இருந்ததைக் கழற்றிக் காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்திருப்பாள். நிலம் இல்லாததால் அவளுக்குக் கூடுதல் வட்டி. படிவத்தில் தொழில் என்ற இடத்தில் 'கூலி' என்று எழுதுவோம். ஆவணப்படம் எடுக்கிறவர் இந்தப் படிவத்தைப் பார்த்ததே இல்லை. ஆனால் அவருடைய படமும் இதே படிவத்தின்படிதான் ஓடுகிறது.

இப்படிச் சொன்னால் உடனே ஒரு குற்றச்சாட்டு வரும். 'விவசாயிகளைப் பிளக்கிறீர்கள்.' நாம் பிளக்கவில்லை. பஞ்சாபைப் பாருங்கள். 2011 கணக்கெடுப்பின்படி நாட்டிலேயே தலித்துகள் விகிதம் அதிகமான மாநிலம் அது, 31.9 சதவீதம். நிலத்தில் நூற்றுக்கு நான்கு ஏக்கர்கூட அவர்களிடம் இல்லை. 2020 நடவுப் பருவத்தில், ஊரடங்கால் வெளிமாநிலக் கூலிகள் வராதபோது, உள்ளூர்த் தலித்துகள் கூடுதல் கூலி கேட்டார்கள். பல கிராமப் பஞ்சாயத்துகள் கூடி, இதற்கு மேல் கூலி இல்லை என்று தீர்மானம் போட்டன. மீறினால் ஊர்விலக்கு என்று சில இடங்களில் மிரட்டினார்கள். அதே வருஷக் கடைசியில் டெல்லி எல்லையில் விவசாயிகள் போராட்டம். மூன்று சட்டங்களும் 2021இல் திரும்பப் பெறப்பட்டன. அந்தப் போராட்டத்தை நாமும் ஆதரித்தோம், ஆதரித்தது சரிதான். ஆனால் டெல்லிக்கு ஓடிய கேமராக்களில் எத்தனை ஜூன் மாதத்தில் அந்தப் பஞ்சாயத்துகளுக்கு ஓடின?

அங்கேயும் நம் ஆட்கள் சும்மா இல்லை. கிராமப் பொதுநிலத்தில் மூன்றில் ஒரு பங்கை அட்டவணைச் சாதியினருக்குக் குத்தகைக்கு விட வேண்டும் என்பது பஞ்சாபில் சட்டம். பினாமி பெயர்களில் ஊர்க்காரர்களே எடுத்துக்கொண்டிருந்த அந்தப் பங்கை, சங்கரூர் பக்கத்தில் 2014 முதல் 'ஜமீன் பிராப்தி சங்கர்ஷ் கமிட்டி' போராடி வாங்கிக் கூட்டாகப் பயிர் செய்யத் தொடங்கியது. பஞ்சாபின் நிலமற்ற தலித்துகளைப் பற்றி ரண்தீப் மட்டோக்கே எடுத்த 'லேண்ட்லெஸ்' 2018இல் வந்தது. பசுமைப் புரட்சியின் பச்சை வயலுக்கு நடுவில் நின்றுகொண்டு, இந்தப் பச்சை யாருடையது என்று கேட்கிற படம். 'பச்சை வயல், டிராக்டர், சிரிக்கும் சர்தார்' என்று அரசாங்கச் செய்திப்படங்கள் பல வருஷமாகக் காட்டியதற்குப் பதில்.

கேமராவுக்குப் பின்னாலும் ஊரும் சேரியும் உண்டு என்பதையும் மறக்க வேண்டாம். ஒகாவாவின் குழுவைப் பற்றிப் பார்பரா ஹாமர் 2000இல் ஒரு படம் எடுத்தார். கூட்டு வாழ்க்கை, சமத்துவம் என்று பேசிய அந்தக் குழுவில் சமையற்கட்டில் யார் நின்றார்கள், பெயர் யாருக்குப் போனது என்று அதில் இருந்த பெண்களிடமே கேட்டார். நம்முடைய இயக்கத்துப் படக்குழுக்களிலும் இந்தக் கேள்வியைக் கேட்டு வைப்பது நல்லது. டீ வாங்கப் போகிறவர் யார், மைக்கில் பேசுகிறவர் யார் என்று பார்த்தாலே பாதி விளங்கிவிடும்.

சரி, நாம் என்ன செய்வது? மாணவத் தோழர்கள் பலரிடம் இன்றைக்குக் கைப்பேசியிலேயே கேமரா இருக்கிறது. ஒகாவாவுக்குப் படச்சுருள் வாங்கக் கடன் வாங்க வேண்டியிருந்தது. நமக்கு அந்தச் செலவு இல்லை. எனவே சாக்கு இல்லை.

ஒன்று, மூன்று நாள் படம் வேண்டாம். நாற்று விட்டதிலிருந்து அறுவடைவரை ஒரு சம்பாப் பருவம் முழுக்க ஒரே சேரியில் இருங்கள். பதினைந்து வருஷம் கேட்கவில்லை. அய்ந்து மாதம். மாணவர்களுக்குத் தேர்வு இருக்கிறது, தெரியும். ஆள் மாற்றி ஆள் இருங்கள்.

இரண்டு, பாட்டு கேட்பதற்கு முன் கணக்குக் கேளுங்கள். எத்தனை மணிக்கு இறங்கினாய், எத்தனை மணிக்கு ஏறினாய், என்ன கூலி, ஆணுக்கு எவ்வளவு, உனக்கு எவ்வளவு, தண்ணீர் எதில் கொடுத்தார்கள். இந்த நிலம் யார் பெயரில் இருக்கிறது, உன் தாத்தா காலத்தில் யார் பெயரில் இருந்தது. கடைசிக் கேள்வி முக்கியம். செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த திரமென்ஹீர் எழுதிய அறிக்கையை ஒட்டி 1892இல் நம் மக்களுக்கு நிலம் ஒதுக்க ஆணை வந்தது. 12 லட்சம் ஏக்கர் என்று இயக்கங்கள் சொல்லிவருகிற அந்தப் பஞ்சமி நிலத்தைத் திருப்பிக் கேட்டுத்தான் காரணைப் போராட்டத்தில் 1994 அக்டோபர் 10 அன்று ஜான் தாமசும் ஏழுமலையும் துப்பாக்கிச் சூட்டில் செத்தார்கள். எந்த வயல் பஞ்சமி வயல் என்று ஊர்க் கிழவர்களுக்குத் தெரியும். அவர்கள் போவதற்குள் கேட்டுப் பதிவு செய்யுங்கள்.

மூன்று, சாட்சியாக எடுங்கள். 2013இன் நிலம் கையகப்படுத்தல் சட்டம், நிலம் இல்லாவிட்டாலும் மூன்று வருஷம் அந்த நிலத்தை நம்பிப் பிழைத்த விவசாயக் கூலியின் குடும்பத்தையும் பாதிக்கப்பட்ட குடும்பம் என்கிறது. மறுவாழ்வு கேட்க அவர்களுக்கும் உரிமை இருக்கிறது. ஆனால் மூன்று வருஷம் இந்த வயலில்தான் வேலை செய்தேன் என்பதற்குக் கூலிக்காரியிடம் என்ன காகிதம் இருக்கிறது? பட்டா இல்லை, ரசீது இல்லை. மிராசுதார் எழுதித் தருவாரா? சன்ரிசுகா நமக்குத் தூரத்தில் இல்லை. பரந்தூரில் விமான நிலையம் என்று 2022இல் அறிவித்ததிலிருந்து ஏகனாபுரம் மக்கள் வருஷக்கணக்கில் போராடியிருக்கிறார்கள். இப்படி நிலம் போகிற ஒவ்வொரு ஊரிலும் நிலமில்லாதவர்களுக்கும் ஏதோ போகிறது. தேதியோடு, வயலோடு, பெயரோடு எடுத்த படம் ஒருநாள் மனுவோடு சேர்ந்து போகலாம்.

நான்கு, எடுத்த படத்தை முதலில் சேரியில் போடுங்கள். ஒகாவாவின் குழு தன் படங்களைத் திரையரங்குகளை நம்பி விடவில்லை. தானே ஊர் ஊராகத் தூக்கிப்போய்த் திரையிட்டது. நம் படம் சென்னையில் கைதட்டு வாங்குவதற்கு முன்னால் அந்த இருபது பெண்களும் பார்க்க வேண்டும். 'இது தப்பு, நான் இப்படிச் சொல்லலை' என்று அவர்கள் சொன்னால் வெட்ட வேண்டும். 'எங்களுக்கு ஒரு காப்பி வேணும்' என்றால் கொடுக்க வேண்டும்.

எனக்குப் பார்க்க ஆசையாக இருக்கிற படம் ஒன்று உண்டு. ஒரு நடவுக்காரி உட்கார்ந்திருப்பாள். கையில் ஒரு நாற்றுமுடி. எந்த ரகம், எத்தனை நாள் நாற்று, எவ்வளவு ஆழத்தில் வைக்கணும், ஆழம் கூடினால் என்ன ஆகும், தண்ணீர் எவ்வளவு நிற்கணும், இந்த வயலில் எந்த மூலை களர், எந்த மூலையில் பயிர் சாயும் என்று அவள் சொல்லிக்கொண்டே போவாள். ஒரு மணி நேரம். வெட்டில்லாமல். புல்லாங்குழல் இல்லாமல். அவள் பெயர் திரையில் வரும். பெயருக்குக் கீழே அவள் யார் என்று இரண்டு சொல் எழுதுவார்களே, அந்த இடத்தில் 'கூலித் தொழிலாளி' என்று இருக்காது.

'நெல் உற்பத்தியாளர்' என்று இருக்கும்.